மாதத் தவணையா, மொத்தக் கணக்கா: வீட்டுக்கடனில் எதை எதோடு ஒப்பிடுவது?

வீட்டுக்கடன் கேட்டுப் போனால் எதிரே உட்கார்ந்திருப்பவர் முதலில் கேட்பது, "மாதம் எவ்வளவு கட்ட முடியும்?" என்பதுதான். கேள்வியில் தப்பில்லை. ஆனால் அதற்குப் பதில் சொன்னதுமே பேச்சு முழுக்கத் தவணைப் பக்கம் திரும்பிவிடும். நான் கடன் வாங்கியபோதும் அப்படித்தான். ஒரு துண்டுத் தாளில் மூன்று தொகைகளை எழுதி என் பக்கம் தள்ளினார். இருப்பதில் சிறியதைத் தொட்டுக் காட்டினேன். மொத்த வட்டி எவ்வளவு ஆகும் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அன்றைக்குக் கேட்காமல் விட்டதைத்தான் இங்கே போட்டுப் பார்க்கிறேன்.

கணக்குக்கு 50 லட்சம் கடன், ஆண்டுக்கு 8.5 சதவீத வட்டி என்று வைத்துக்கொள்வோம். மீதியிருக்கும் அசலுக்கு மட்டும், மாதாமாதம் வட்டி. எந்த நாட்டுப் பணமாக இருந்தாலும் சரி, விகிதம் மாறாது.

| கடன் காலம் | மாதத் தவணை | மொத்த வட்டி | முதல் 5 ஆண்டில் குறையும் அசல் |
|---|---|---|---|
| 15 ஆண்டு | 49,237 | 38.63 லட்சம் | 10.29 லட்சம் |
| 20 ஆண்டு | 43,391 | 54.14 லட்சம் | 5.94 லட்சம் |
| 30 ஆண்டு | 38,446 | 88.40 லட்சம் | 2.25 லட்சம் |

15, 20, 30: எந்தக் காலம்?

20 ஆண்டை 30 ஆக்கினால் தவணை 4,945 குறைகிறது. வட்டி 34 லட்சத்துக்கு மேல் ஏறுகிறது. 15 ஆண்டை 20 ஆக்கினால் தவணை இன்னும் அதிகமாக, 5,846 குறைகிறது. வட்டி ஏறுவதோ பதினைந்தரை லட்சம்தான். காலத்தை நீட்ட நீட்டத் தவணையில் கிடைக்கும் சலுகை சுருங்கிக்கொண்டே போகும், வட்டி மட்டும் பெருத்துக்கொண்டே போகும்.

காரணம் முதல் மாதத்திலேயே தெரிந்துவிடும். 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 35,417. இது மூன்று பேருக்கும் ஒன்றுதான். 15 ஆண்டுக்காரர் கட்டும் 49,237-இல் வட்டி போக 13,820 அசலில் கழிகிறது. 20 ஆண்டுக்காரருக்கு 7,974. 30 ஆண்டுக்காரருக்கு வெறும் 3,029. கடன் அட்டவணையை நீங்களே எடுத்து முதல் வரியைப் பாருங்கள், இந்தப் பிரிப்பு அங்கேயே இருக்கும். என்னுடையதை நான் பார்த்தது மூன்றாவது ஆண்டில். அதுவரை, கட்டுவதில் பாதியாவது அசலுக்குப் போகும் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

30 ஆண்டுக் கடனில் ஐந்து ஆண்டு ஒழுங்காகக் கட்டினால் கையை விட்டுப் போவது 23 லட்சம். கடன் குறைந்திருப்பது இரண்டேகால் லட்சம். அசலில் பாதி கழிய ஏறக்குறைய 22 ஆண்டு 9 மாதம் ஆகும். 20 ஆண்டுக் கடனில் அதே பாதி 13 ஆண்டு 10 மாதத்தில் கழிந்துவிடும். நடுவில் வீட்டை விற்க நேர்ந்தால் இந்த வித்தியாசம்தான் கையில் நிற்கும் பணம்.

அப்படியென்றால் 30 ஆண்டு எடுப்பவர் ஏமாளியா? அப்படிச் சொல்லமாட்டேன். 88 லட்சம், 38 லட்சம் என்று இரண்டு மொத்தத் தொகைகளை அருகருகே வைப்பதிலும் ஒரு ஓட்டை இருக்கிறது. இன்று கொடுக்கும் பணமும் முப்பது ஆண்டு கழித்துக் கொடுக்கும் பணமும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று கொண்டால், கடைசி மாதம் கட்டும் 38,446-க்கு இன்றைய மதிப்பு 9,000-க்கும் கீழே. தவிர, மூன்றிலும் வட்டி விகிதம் அதே 8.5தான். 30 ஆண்டுக்காரர் அதிக விலை கொடுக்கவில்லை. அதிகப் பணத்தை அதிக காலம் வைத்திருக்கிறார், அதற்கான வாடகையைக் கொடுக்கிறார். மிச்சப்படும் தவணைப் பணத்தை 8.5-க்கு மேல் சம்பாதிக்கும் இடத்தில் மாதம் தவறாமல் போடுபவருக்கு நீண்ட காலம் லாபம்கூட ஆகலாம். மாதம் தவறாமல் போடுபவர்கள் எத்தனை பேர் என்பது வேறு கேள்வி.

எனக்குச் சரியாகப் படுவது நான்காவதாக ஒரு வழி, அந்தத் துண்டுத் தாளில் இல்லாதது. 20 ஆண்டுக் கடனாக எடுத்துத் தவணையை ஒவ்வோர் ஆண்டும் 5 சதவீதம் கூட்டிக்கொண்டே போவது. 43,391-இல் தொடங்கினால் அடுத்த ஆண்டு 45,561. இப்படியே போனால் கடன் சுமார் 12 ஆண்டு 3 மாதத்தில் முடிகிறது, மொத்த வட்டி ஏறக்குறைய 34.6 லட்சம். அதாவது 15 ஆண்டுக் கடனைவிடக் குறைவு, அதுவும் அதைவிடச் சிறிய தவணையில் தொடங்கி. பன்னிரண்டாம் ஆண்டில் தவணை 74,000-ஐத் தாண்டியிருக்கும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். வருமானம் ஏறாதவருக்கு இது ஒத்துவராது. ஏதாவது ஓர் ஆண்டில் கையைக் கடித்தால் கூட்டாமல் விட்டுவிடலாம், அதுதான் 15 ஆண்டுக் கடனில் இல்லாத வசதி.

நிலையான வட்டியா, மாறும் வட்டியா?

இதில் ஊருக்கு ஊர் வழக்கம் வேறு. அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே வட்டி என்பது சாதாரணம். பிரிட்டனில் 2 அல்லது 5 ஆண்டுக்கு நிலையாக வைத்து, அப்புறம் புதிதாகப் பேசுவார்கள். இந்தியாவில் பெரும்பாலும் மாறும் வட்டி.

நிலையான வட்டி எவ்வளவு பெரிய காப்பு என்று பார்க்க அமெரிக்காவே போதும். அங்கே 30 ஆண்டு நிலை வட்டியின் வாராந்திரச் சராசரி 1981 அக்டோபரில் 18.63 சதவீதம் வரை போனது. 2021 ஜனவரியில் 2.65-க்கு இறங்கியது. 2023 அக்டோபரில் மறுபடி 7.79. 2021-இல் எடுத்தவரின் தவணை 2023-இலும் அதேதான். இதற்கு மறுபக்கமும் உண்டு: அவர்களில் பலர் வீட்டை மாற்றவே தயங்கினார்கள், புது வீட்டுக்கு புதுக் கடன் மூன்று மடங்கு வட்டியில் அல்லவா வரும்!

மாறும் வட்டியில் நடப்பதைப் பலர் கவனிப்பதே இல்லை. இந்தியாவில் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கும் வட்டி, 2022 மே தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்தது, 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. வீட்டுக்கடன் வட்டியும் கூடவே ஏறியது, ஆனால் பலருக்குத் தவணை மாறவில்லை. ஆகவே ஒன்றும் ஆகவில்லை என்று இருந்துவிட்டார்கள். நீண்டது கடன் காலம்.

நம் 20 ஆண்டுக் கடனிலேயே பார்ப்போம். எடுத்த சில நாளில் வட்டி 8.5-இலிருந்து 9.5 ஆகிறது. தவணையை 43,391-லேயே விட்டால் கடன் முடிய 25 ஆண்டு 9 மாதம் ஆகும், மொத்த வட்டி சுமார் 84 லட்சம். தவணையை 3,216 கூட்டி 46,607 ஆக்கினால் அதே 20 ஆண்டில் முடியும், வட்டி 62 லட்சம். மாதம் மூவாயிரத்துச் சொச்சத்துக்கு 22 லட்சம் வித்தியாசம்.

30 ஆண்டுக்காரரின் நிலைமை இன்னும் மோசம். வட்டி முக்கால் சதவீதம் ஏறி 9.25 ஆனாலே, முதல் மாத வட்டி 38,542. அவருடைய தவணை 38,446. முழுத் தவணையும் வட்டிக்கே போய், 96 குறைவாகவும் நிற்கிறது. அந்த 96 அசலில் ஏறும், அடுத்த மாதம் அதற்கும் வட்டி. தவணையைக் கூட்டாமல் விட்டால் இந்தக் கடன் எத்தனை ஆண்டானாலும் தீராது. நீண்ட காலமும் மாறும் வட்டியும் சேர்ந்தால்தான் ஆபத்து என்று நான் சொல்வது இதனால்தான். தனித்தனியே இரண்டும் சமாளிக்கக்கூடியவைதான்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா காலத்தை நீட்டுவதா என்பதைக் கடன் வாங்கியவரிடமே கேட்க வேண்டும் என்று கடன் நிறுவனங்களுக்கு உத்தரவிட்டது. நீங்கள் எங்கே இருந்தாலும், உங்கள் கடனில் இதை யார் முடிவு செய்கிறார்கள் என்று ஒப்பந்தத்தில் தேடிப் பாருங்கள். என் பார்வையில், வருமானத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் தவணைக்குப் போகிறது என்றால், கொஞ்சம் வட்டி கூடுதலாக இருந்தாலும் நிலையான வட்டி நல்லது. கையில் இடம் இருப்பவர் மாறும் வட்டியில் போகலாம், தவணையைக் கூட்டும் மனத்தோடு.

கையில் ஐந்து லட்சம் வந்தால்: தவணையைக் குறைப்பதா, காலத்தைக் குறைப்பதா?

20 ஆண்டுக் கடனில் ஐந்து ஆண்டு முடிந்து நிலுவை 44.06 லட்சம். கூடுதலாக 5 லட்சம் கட்டுகிறீர்கள். இரண்டு வழி.

தவணையைக் குறைத்துக்கொண்டால், மீதி 15 ஆண்டுக்கும் மாதம் 4,924 குறையும். வட்டியில் மிச்சம் 3.86 லட்சம். தவணையை அப்படியே வைத்துக் காலத்தைக் குறைத்தால் கடன் 36 மாதம் முன்னதாக முடியும், வட்டியில் மிச்சம் 10.7 லட்சம்.

இதைக் காட்டி, காலத்தைக் குறைப்பதே மேல் என்று சொல்லி முடித்துவிடுவார்கள். அதில் பாதிதான் உண்மை. முதல் வழியில் மாதம் மிச்சமாகும் 4,924-ஐயும் அந்தந்த மாதமே கடனில் கட்டிக்கொண்டு வந்தால், இரண்டு வழியும் ஒரே நாளில் முடியும், ஒரே வட்டிதான் ஆகும். வித்தியாசம், அந்தப் பணம் வேறு செலவுக்குப் போய்விடுகிறதா என்பதில்தான் இருக்கிறது. வேலை நிச்சயமில்லாதவருக்குத் தவணை குறைவது நிம்மதி. அவரிடம் போய் பத்து லட்சம் மிச்சம் என்று வாதாடுவது வீண். மற்றவர்கள் காலத்தைக் குறைத்துக்கொள்ளலாம். ஒன்று மட்டும் கவனியுங்கள்: நீங்கள் எதையும் எழுதிக் கொடுக்காவிட்டால் எந்த வழி நடக்கும் என்பதை முன்பே கேட்டு வையுங்கள். முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா என்பதையும் கூடவே.

சின்ன எழுத்தில் இருப்பவை

ஒரு இடத்தில் 8.5 சதவீதம், கட்டணம் இல்லை. இன்னொரு இடத்தில் 8.4, ஆனால் முன்கட்டணம் ஒரு சதவீதம், அதாவது 50,000. இரண்டாவதில் தவணை மாதம் 316 குறையும். இருபது ஆண்டுக்குக் கூட்டினால் 75,800 வரும், அதனால் லாபம்போலத் தோன்றும். ஆனால் இன்று கொடுக்கும் 50,000-க்கு எதிரே இருபது ஆண்டில் சிறுகச் சிறுகத் திரும்பும் அந்தப் பணத்தின் இன்றைய மதிப்பு, ஆண்டுக்கு அதே 8.5 சதவீதம் குறைத்துக் கணக்கிட்டால், சுமார் 36,400தான். முதலாவதே மேல்.

கடனோடு சேர்த்துத் தரும் காப்பீடு: பிரீமியம் 2 லட்சம் என்று வைத்து, அதையும் கடனிலேயே ஏற்றிவிட்டால் இருபது ஆண்டில் 4.17 லட்சம் கட்டியிருப்பீர்கள். காப்பீடு வேண்டும்தான். தனியாக, கைப்பணத்தில் எடுங்கள்.

'வெறும் 5 சதவீதம்' என்று யாராவது சொன்னால் எதன் மேல் என்று கேளுங்கள். முதலில் வாங்கிய முழுத் தொகைக்கும் 20 ஆண்டும் வட்டி போடும் ஃபிளாட் ரேட்டில் 5 என்றால், குறையும் நிலுவைக் கணக்கில் அது 7.95.

கடைசியாக, சேமிப்புக் கணக்கை வீட்டுக்கடனோடு இணைக்கும் வகை. அந்தக் கணக்கில் கிடக்கும் பணத்தை நிலுவையிலிருந்து கழித்துவிட்டு மீதிக்கு மட்டும் வட்டி போடுவார்கள்; வேண்டும்போது பணத்தை எடுத்துக்கொள்ளலாம். இதற்குப் பெரும்பாலும் வட்டி கொஞ்சம் கூட இருக்கும். கால் சதவீதம் கூட என்றால், 50 லட்சத்துக்குத் தொடக்கத்தில் ஆண்டுக்கு 12,500. அதை ஈடுகட்ட, கணக்கில் எப்போதும் சுமார் 1.43 லட்சம் கிடந்தால் போதும். அவசரத்துக்கென்று மூன்று, நான்கு லட்சத்தைத் தொடாமல் வைத்திருப்பவருக்கு இது நல்ல ஏற்பாடு. சம்பளம் வந்த பத்தாம் நாள் கணக்கு காலியாகிவிடும் என்னைப் போன்றவர்களுக்கு இல்லை. நான் சாதாரணக் கடனிலேயே இருக்கிறேன். ஆண்டுக்கு ஒருமுறை, சம்பளம் ஏறும் மாதத்தில், தவணையைக் கூட்டச் சொல்லி ஒரு கடிதம் மட்டும் கொடுத்துவிட்டு வருகிறேன்.