கட்டுரைக்கு மட்டும் காசு: பிளெண்டில் அனுபவம்

நெதர்லாந்துக்குப் புதிதாக வந்திருக்கும் நண்பர் ஒருவர், ஒரேயொரு கட்டுரையைப் படிக்க நாளிதழுக்கு மாதச் சந்தா கட்டித்தான் ஆக வேண்டுமா, அந்தக் கட்டுரைக்கு மட்டும் காசு கொடுக்க வழியில்லையா என்று கேட்டார். வழி இருந்தது. 2014இல் உத்ரெக்ட் நகரிலிருந்து வெளிவந்த பிளெண்டில் என்ற இணையதளம், பல இதழ்களின் கட்டுரைகளைத் தனித்தனியாக விற்று அதைத்தான் செய்தது. நியூயார்க் டைம்ஸும் ஜெர்மன் பதிப்பு நிறுவனமான ஆக்செல் ஸ்பிரிங்கரும் அதில் 30 லட்சம் யூரோ முதலீடு செய்தன. 2019இல் தனிக் கட்டுரை விற்பனையைக் கைவிட்டுச் சந்தாவுக்கு மாறிய அந்நிறுவனத்தை, மறு ஆண்டே பிரான்சின் இணைய இதழ்ச் சந்தா நிறுவனமான கஃபேன் வாங்கிவிட்டது.

அதில் என்னை மயக்கியது பணத்தைத் திருப்பித் தரும் பொத்தான்தான். கட்டுரையைக் கடைசி வரி வரை படித்த பிறகும், பிடிக்கவில்லை என்று அழுத்திக் காரணத்தைக் குறிப்பிட்டால் போதும். அந்தச் சில்லறை உடனே கணக்கில் வந்து சேர்ந்துவிடும். பரபரப்பான தலைப்பை வைத்து உள்ளே ஒன்றுமில்லாமல் எழுதியவர்களுக்கு அதைவிட நல்ல தண்டனை கிடையாது என்று இன்றும் நினைக்கிறேன். அன்றாடச் செய்திகள் அங்கே அவ்வளவாக விற்கவில்லை என்பதிலும் வியப்பில்லை, அவைதாம் நு.என்எல் (NU.nl) என்ற டச்சுச் செய்தித் தளத்தில் இலவசமாகக் கிடைத்தனவே. நீண்ட நேர்காணல்களுக்கும் அலசல்களுக்கும்தான் வாசகர்கள் காசு கொடுத்தார்கள்.

ஆனால் ஒவ்வொரு தலைப்புக்கும் பக்கத்தில் ஒட்டிக்கொண்டிருந்த அந்த விலை இருக்கிறதே, அதைத்தான் என்னால் கடைசிவரை பொறுத்துக்கொள்ள முடியவில்லை. ஒவ்வொரு முறையும் அட்டையைத் தேய்த்தால் வங்கிக் கட்டணமே காசை விழுங்கிவிடும் என்பதால், முன்கூட்டியே கணக்கில் பணம் போட்டு வைத்திருப்போம். அதாவது, செலவழிக்கவென்றே ஒதுக்கிய பணம் அது. அப்படியிருந்தும், சனிக்கிழமை இணைப்பிதழில் வந்த நேர்காணலுக்கு 80 சென்ட் என்று கண்டதும் கை தயங்கும். பக்கத்திலேயே 20 சென்ட்டுக்குக் கிடக்கும் பத்திக் கட்டுரையை, அதைப் படிக்கும் எண்ணம் துளியும் இல்லாமலே, திறந்துவிடுவேன். காப்பிக்கு 3 யூரோ கொடுக்கும்போது வராத கணக்குப் புத்தி இங்கே மட்டும் எங்கிருந்தோ வந்துவிடும். வாங்கலாமா வேண்டாமா என்று முடிவெடுக்கும் உழைப்பே சிறு தொகைகளில் பெரிய செலவு என்று கணினி அறிஞர் நிக் சாபோ 1999இலேயே எழுதியிருக்கிறார். அதைப் படித்தபோது அவர் என்னைப் பார்த்தே எழுதியதுபோல் இருந்தது.

இதற்காகச் சந்தாவே மேல் என்று சொல்லிவிடவும் மனம் வரவில்லை. பெயர் வேண்டாம், இங்குள்ள ஒரு நாளிதழ் சந்தா சேர்வதற்கு இரண்டு சொடுக்கு போதும் என்றது. விலகுவதற்கோ அலுவலக நேரத்தில் தொலைபேசியில் அழைத்து, தள்ளுபடி வேண்டாம், இலவச மாதமும் வேண்டாம் என்று நான் மன்றாட வேண்டியிருந்தது. பிளெண்டில் எந்நாளும் என்னை இப்படி இழுத்தடித்ததில்லை.

இவ்வளவையும் சொல்லிவிட்டு நண்பரிடம் நான் கடைசியில் சொன்னது, ஏதாவது ஒரு நாளிதழின் வார இறுதிச் சந்தாவில் சேர்ந்துவிடுங்கள் என்பதே. பிளெண்டில் பழையபடி திரும்பி வந்தால் நீங்கள் சேர்வீர்களா என்று அவர் விடாமல் கேட்டார். மாட்டேன். அந்த 80 சென்ட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க இப்போது எனக்குப் பொறுமையில்லை.