காந்தி வீதியில் வாங்கிய ழார் இசைத்தட்டு

ஞாயிறு காலை, புதுச்சேரி காந்தி வீதிச் சந்தையில் மொரீஸ் ழார் இசையமைத்த 'டாக்டர் ஷிவாகோ' படத்தின் பழைய இசைத்தட்டு கிடைத்தது. 700 ரூபாய் சொன்னார்கள், பேரம் பேசி 550க்கு வாங்கினேன். உறையின் ஓரமெல்லாம் கிழிசல். அங்கே போட்டுப் பார்க்கவும் வழியில்லை. ஆனாலும் விட மனசில்லை. சொல்தாவாக, அதாவது பிரெஞ்சுப் படைவீரராக, இருந்து ஓய்வுபெற்ற என் தாத்தா, முத்தியால்பேட்டை வீட்டில் சாயங்காலமானால் இதைத்தான் சுழலவிடுவார்.

வீட்டுக்கு வந்து துடைத்துப் போட்டேன். முதல் பக்கத்தில் ஒரு கீறல். சுற்றுக்கு ஒரு 'டக்'. சரி, படத்தின் நாயகி லாராவின் மெட்டு வந்ததும் அது காதில் விழவே இல்லை. பலலைக்கா என்ற ரஷ்ய வாத்தியத்தின் தந்திகள் ஒரே சுரத்தை நடுங்க நடுங்க மீட்டுகின்றன, அதன் அடியிலிருந்து வயலின்கள் மெல்ல மேலேறி வருகின்றன. அந்த இடத்தை மூன்று முறை கேட்டேன்.

லியோனில் 1924இல் பிறந்த மொரீஸ் ழார் தாளவாத்தியம் படித்தவர். அவர் இசையமைத்த 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா' படம் முரசு முழக்கத்தோடு தொடங்குவது அதனால்தான் என்று எனக்குத் தோன்றும். இவ்விரண்டையும் இயக்கிய டேவிட் லீனின் 4 படங்களுக்கு இசையமைத்து 3 ஆஸ்கர் வாங்கினார். மூன்றாவது, நம் நாட்டில் நடக்கும் கதையான 'எ பாசேஜ் டு இந்தியா'வுக்கு. அப்புறம் 'விட்னஸ்' போன்ற படங்களில் மின்னணு வாத்தியமான சின்தசைசருக்குப் போனார், அது எனக்கு ஒட்டவில்லை.

கீறலுக்கு இன்னும் 100 ரூபாய் குறைத்திருக்கலாம். வாங்கப் போகிறவர்கள் தட்டை வெயிலில் சாய்த்துப் பார்த்துவிட்டு விலை பேசுங்கள்.