கீரிப்பூச்சி திரும்பி வராமலிருக்க: கிருமிநாசினியா, வெந்நீரும் வெயிலுமா?

சித்திரை விடுமுறை முடிந்த கையோடு சின்னவளுக்குக் கீரிப்பூச்சி. வீட்டில் எல்லாருமே குளிசை போட்டோம், இரண்டு கிழமை கழித்து இரண்டாவதும் போட்டோம். தரையெல்லாம் கிருமிநாசினி ஊற்றித் துடைத்தேன். ஒன்றரை மாதத்தில் பிள்ளை மறுபடியும் தூக்கத்தில் நெளிந்தாள். டோர்ச் அடித்துப் பார்த்தால், ஒரு சென்ரிமீற்றர் அளவில் வெள்ளை நூல் துண்டொன்று அசைந்துகொண்டிருந்தது.

இரண்டாம் முறை கிருமிநாசினியை விட்டுவிட்டு வெந்நீருக்கும் வெயிலுக்கும் மாறினேன். இனியும் அந்தப் பக்கம்தான்.

கிருமிநாசினியில் வேலை சுருக்கு. கழிவறைக்கு அது வேண்டும், மறுக்கவில்லை. ஆனால் கீரிப்பூச்சி முட்டையின் தடித்த ஓட்டை வீட்டில் பாவிக்கிற பெரும்பாலான கிருமிநாசினிகள் ஒன்றும் செய்வதில்லை. அதைவிட, முட்டை அதிகம் கிடப்பது தரையில் அல்ல. படுக்கையிலும் உள்ளாடையிலும் நகத்தடியிலும். பெண் புழு இரவில் ஆசனவாயைச் சுற்றி ஆயிரக்கணக்கில் முட்டையிடுகிறது. சில மணி நேரத்தில் அவை தொற்றத் தயார்.

எங்கள் வீட்டில் பிழை நடந்த இடம் காலை ஆறு மணி. மாமி படுக்கை விரிப்பை அறைக்குள்ளேயே படார் படாரென்று உதறுவார். ஜன்னல் வெளிச்சத்தில் தூசி மிதக்கும். முட்டையும் அப்படித்தான் பறந்து வாய்க்குள் போகும். “உதறாதேங்கோ மாமி, அப்பிடியே உள்பக்கமாச் சுருட்டித் தாங்கோ” என்று சொல்லி வாங்கி, நேரே வாளிக்குள் வைத்துக் கொதிநீர் ஊற்றினேன். பிறகு சவர்க்காரம், கொடி. திருகோணமலையில் சூடான, வறண்ட கச்சான் காற்று வீசும் மாதங்களில் விரிப்பு காய என்ன பெரிய நேரமா எடுக்கும்! பாயும் தலையணையும் மதிலில். வெயிலும் வறட்சியும் முட்டைக்கு ஆகாது. பகலில் ஜன்னலையும் திறந்தே வைத்தேன். விளக்குமாறு தூசி கிளப்பும் என்பதால் தரைக்கு ஈரத்துணி மட்டும்.

எனக்கு எல்லாவற்றையும் தீர்மானித்தது ஒரே விஷயம்: எத்தனை நாளைக்கு விடாமல் செய்யலாம்? குளிசை புழுவைத்தான் கொல்லும், முட்டையை அல்ல. வெளியே விழுந்த முட்டை இரண்டு மூன்று கிழமை தாங்கும். ஆகவே முதல் குளிசையிலிருந்து குறைந்தது 14 நாள் சுத்தம் அறுபடக்கூடாது. கிருமிநாசினிப் போத்தல் எனக்கு நாலு நாளில் முடிந்தது, அடுத்ததை வாங்கக் கை தயங்கியது. ஒரு கேத்தில் வெந்நீர் தினமும் கொதிக்கவைக்க முடிந்தது. உள்ளாடையும் இரவுச் சட்டையும் நாள்தோறும், விரிப்பு மூன்று நாளுக்கொரு தடவை. எழும்பியதும் பிள்ளையைக் குளிக்க வார்ப்பதையும் ஒரு நாள்கூட விடவில்லை.

மாரியில் இதைச் செய்து பார்த்த அனுபவம் எனக்கில்லை. கார்த்திகை, மார்கழி மழையில் வெயிலை நம்ப முடியாது. அப்போது விரிப்பைச் சூடாக அயன் பண்ணலாம் என்றிருக்கிறேன். இன்னொன்று: இந்தத் துப்புரவெல்லாம் கீரிப்பூச்சிக்குத்தான். கொழுக்கிப்புழு மண்ணிலிருந்து காலால் ஏறுவது. அதற்குச் செருப்பும் ஒழுங்கான மலசலகூடமும் வேண்டும். இரண்டு வயதுக்குக் குறைந்த பிள்ளைக்கும் கர்ப்பிணிக்கும் டொக்டரைக் கேட்காமல் குளிசை கொடுக்க வேண்டாம்.

இரண்டாம் முறைக் குளிசை முடிந்து மூன்று மாதமாகிறது. சின்னவள் விடியும்வரை அசையாமல் தூங்குகிறாள். அவள் நகத்தை ஒட்ட வெட்டுகிற நகவெட்டி இன்னும் பல் பிரஷ்களுக்குப் பக்கத்து ஆணியில்தான் தொங்குகிறது.