டவுன்ல கேசட் கொப்பி பண்ணுற கடை: சொந்தக் கதைய ஆவணப்படமா எடுக்கிறவங்க கவனிங்க

மட்டக்களப்பு டவுன்ல திருமலை வீதிப் பக்கம் பழைய விஎச்எஸ் கேசட்ட கொம்பியூட்டர்ல ஏத்திக் குடுக்கிற சின்னக் கடை ஒண்டு இரிக்கு. கூடுதலா கலியாண வீட்டு கேசட்டோடதான் ஆக்கள் வாறாங்க, ஆனா தன்னப் பத்தித் தானே படம் எடுக்க நினைக்கிறவங்க கட்டாயம் போகவேண்டிய இடம்.

நான் செய்யிற படமே என்ட சாமத்திய வீட்டு கேசட்ட வச்சுத்தான். முதல்ல வேற ஒரு இடத்துல குடுத்தன், அவங்க சத்தத்த எடுத்துட்டு சினிமாப் பாட்டுப் போட்டு, படத்துக்குக் கீழ ஓடுற கேசட் கோட்டையும் வெட்டி, மூலையில கடைப் பேரும் அடிச்சுத் தந்தாங்க, அழுகையே வந்துட்டு. இந்தக் கடை அண்ணன் முதல்ல கேட்டதே "தங்கச்சி, உள்ளபடி வேணுமா, திருத்தி வேணுமா?" எண்டுதான். உள்ளபடி எண்டன். படத்திட அளவு 720க்கு 576 புள்ளி, வினாடிக்கு 25 ஃப்ரேம், எச்டி ஆக்குறன் எண்டு இழுக்காம அப்பிடியே தந்தார்.

அதுலதான் வீடியோக்காரர்ட குரல் கேட்டிச்சு. "நாடியத் தூக்குங்க, இஞ்சால பாருங்க, சிரிங்க." சொல்லிக் கொஞ்சம் பிந்தித்தான் என்ட முகம் மாறுது, சிரிச்ச உடன கண் பக்கத்துல நிக்கிற மாமிக்கிட்டப் போகுது, இனிக் காணுமா எண்டு கேக்கிற மாதிரி. பாட்டுப் போட்ட கொப்பியில அதே முகம் சந்தோசமா இரிக்கிற பிள்ளைட முகம்!

தங்களப் பத்தித் தாங்களே படம் எடுத்த இயக்குநர்கள் இரிக்காங்க. பிரான்ஸ்காரி ஆக்னஸ் வார்தா 2000ல வந்த ஆவணப்படத்துல ஒரு கையில சின்ன டிஜிட்டல் கெமராவப் பிடிச்சு மத்தக் கைட சுருக்கத்த எடுப்பா, பாக்கிறதும் அவதான் தெரியிறதும் அவதான். பெல்ஜியம்காரி ஷாந்தல் அக்கர்மன் 1977ல முகத்தக் காட்டாம நியூயோர்க் தெருவக் காட்டிக்கொண்டு அம்மா எழுதின கடிதங்கள வாசிப்பா. அமெரிக்காக்காரர் ஜொனதன் கவுவெட் 2003ல சின்ன வயசுல இருந்து தான் எடுத்த வீட்டு வீடியோவ எல்லாம் சேத்துத்தான் படம் செஞ்சார். எங்கட கதை வேற, அந்தக் காலத்துல எங்கட வீட்டுப் பொம்பிளப் பிள்ளையள்ட கையில கெமரா இரிக்கல்ல, எங்கள எடுத்ததெல்லாம் காசுக்கு வந்த வீடியோக்காரர், அவர்ட குரல அழிச்சா நாங்களே எங்கள எடுத்த மாதிரி பொய் ஒண்டு உண்டாகிரும். அதனாலதான் ஒண்டையும் வெட்டாமத் தாறவரத் தேடிப் போகச் சொல்லுறன்.

குறையும் இரிக்கு. 3 மணித்தியாலக் கேசட் எண்டா டெக்ல 3 மணித்தியாலமும் ஓடத்தான் வேணும், நடுவுல கரண்ட் போனா மறுகா முதல்ல இருந்து. மினி-டிவி (MiniDV) எண்ட சின்ன டிஜிட்டல் கெமரா கேசட் எடுக்கமாட்டார். நீங்க வாய் திறந்து சொல்லாட்டி இன்டர்லேஸ, அதாவது ஒவ்வொரு ஃப்ரேமும் ஒண்டுவிட்ட ஒரு கோடா ரெண்டு பாதியாப் பிரிஞ்சிரிக்கிறத, எடுத்துட்டுத்தான் தருவார், அப்பிடியே விடுங்க எண்டு முதலே சொல்லிப்போடுங்க, மறுகா எடிட்டிங்கில உங்கட விருப்பம்.

பூஞ்சணம் பிடிச்ச கேசட்ட வீட்டு டெக்ல போட்டுப் பாக்க வேணாம், டேப்ப வாசிக்கிற ஹெட்ல அப்பிக்கொள்ளும், மத்தக் கேசட்டும் பழுதாகும். கடை அண்ணன் கேசட்டுட கூட்டத் திறந்து கையாலயே துடைக்கிறார், அதுக்கு வேறயாக் காசு. ஃபைல் பெரிசு, ஹார்ட் டிஸ்க் கொண்டு போங்க.