நாலு படத்தில் ஒரே ஒரு பலெதோன்: 'மெக்ஸிகோ மக்காப்ரே' ப்ளூரே பெட்டி

மெக்ஸிகோ இயக்குநர் ரஃபேல் பலெதோனுக்காக மட்டும்தான் இந்தப் பெட்டியை வாங்கினேன். மெக்ஸிகோவின் அலமேதா ஃபிலிம்ஸ் என்ற படநிறுவனத்தின் கையிருப்பிலிருந்து நான்கு கறுப்பு வெள்ளைப் பேய்ப்படங்களை எடுத்து இங்கிலாந்தின் இண்டிகேட்டர் என்ற டிஸ்க் நிறுவனம் வெளியிட்ட தொகுப்பு. இரண்டு படங்கள் சானோ உருவேத்தாவுடையவை, ஒன்று ஃபெர்னாந்தோ மெந்தெஸுடையது. மிச்சம் ஒன்றுதான் நம்மாள் படம்: 'லா மல்திசியோன் தெ லா யோரோனா' (அழும் பெண்ணின் சாபம்). 1961-ல் எடுத்தது, 1963-ல் திரைக்கு வந்தது.

பலெதோன் 1919-ல் கம்பேச்சேயில் பிறந்தவர். சினிமாவுக்குள் நடிகராக வந்தார். நல்ல களையான முகம், ஹீரோ வேடங்களுக்குக் குறைவில்லை. நாற்பதுகளிலேயே இயக்கத்தின் பக்கம் போய்விட்டார். அப்புறம் எது கிடைத்தாலும் எடுத்தார். 'எல் பந்தானோ தெ லாஸ் அனிமாஸ்' படத்தில் குதிரைமேல் ஹீரோ, சதுப்பு நீரில் பூதம், இரண்டும் உண்டு. 'ஓர்லாக்' அத்தியாயம் அத்தியாயமாக எடுத்து ஒட்டிய ஃப்ராங்கன்ஸ்டைன் கதை. ஒட்டுப்போட்ட இடமெல்லாம் கண்ணுக்குத் தெரியும். இதையெல்லாம் பார்த்துவிட்டு ஆளைச் சாதாரணமாக நினைத்துவிடக் கூடாது. நல்ல திரைக்கதையும் நல்ல ஒளிப்பதிவாளரும் அமைந்தால் அவர் என்ன செய்வார் என்பதற்கு யோரோனா படம்தான் சாட்சி.

தொடக்கக் காட்சியை மட்டும் சொல்கிறேன். பனிமூட்டக் காடு, ஒரு கோச்சு வண்டி. மரங்களுக்கு நடுவே கறுப்பு உடையில் நடிகை ரீத்தா மசேதோ நிற்கிறார். கையில் மூன்று பெரிய நாய்கள். கண் இருக்கவேண்டிய இடத்தில் வெறும் கறுப்புக் குழி. வண்டியில் வந்தவர்களை வேலைக்காரன் கொல்கிறான், கீழே கிடக்கும் பெண்மேல் சக்கரம் ஏறுகிறது. அத்தனை நேரமும் மசேதோ அசைவதில்லை. பயமுறுத்த வேண்டும் என்று எந்த முயற்சியும் இல்லை, சும்மா நிற்கிறார், அவ்வளவுதான். நடிகரை எங்கே நிறுத்தவேண்டும், எப்போது ஒன்றும் செய்யாமல் விடவேண்டும் என்பது காமிராவுக்கு முன்னால் நின்று பழகிய இயக்குநருக்குத்தான் வரும் என்பது என் கட்சி. இத்தாலிய இயக்குநர் மரியோ பாவாவின் 1960 பேய்ப்படமான 'ப்ளாக் சண்டே'யின் சாயல் இருக்கிறதா என்றால், தாராளமாக இருக்கிறது. எனக்கு அதில் குறை இல்லை.

ஹொசே ஓர்த்தீஸ் ராமோஸின் ஒளிப்பதிவை இந்த டிஸ்க்கில்தான் முழுசாகப் பார்த்தேன். பழைய பிரதிகளில் அந்தப் பனிமூட்டம் சாம்பல் குழம்பாகக் கிடக்கும். இதில் மூட்டத்துக்குப் பின்னால் மரம் மரமாகத் தெரிகிறது. விநியோகஸ்தர் கே. கார்டன் முர்ரே அமெரிக்கத் தொலைக்காட்சிக்காகச் செய்த ஆங்கில டப்பிங்கில் மட்டும் இந்தப் படத்தைப் பார்த்தவர்கள் தயவுசெய்து ஸ்பானிஷ் வசனத்தோடு இன்னொரு முறை பாருங்கள். டப்பிங்கில் சிரிப்பு வந்த இடங்களில் மசேதோவின் சொந்தக் குரல் வேறு வேலை செய்கிறது.

குறை இல்லாமல் இல்லை. தயாரிப்பாளர் அபெல் சலசாரே கணவன் வேடத்தையும் எடுத்துக்கொண்டிருக்கிறார். மனைவியாக வரும் ரோசித்தா அரேனாஸ் பக்கத்தில் அவர் நிற்கும்போது எனக்கு மாமனார் ஞாபகம்தான் வருகிறது. (நிஜ வாழ்க்கையிலும் இருவரும் கணவன் மனைவி ஆனார்கள், அது வேறு கதை.) கடைசிச் சண்டை நீளம்.

பெட்டியைப் பற்றி என் பெரிய புகார் இதுதான்: 'எல் ஓம்ப்ரே இ எல் மோன்ஸ்த்ருவோ' இதில் இல்லை. 1959 படம், இதே பலெதோன், இதே சலசார். பிசாசிடம் ஆன்மாவை விற்ற பியானோக் கலைஞன், வாசிக்கும்போதெல்லாம் மிருகமாக மாறுவான். அது இருந்திருந்தால் யோசிக்காமல் வாங்கச் சொல்லியிருப்பேன். பலெதோனுக்காக மட்டும் என்றால் விலை கொஞ்சம் இடிக்கும். நான் வாங்கிய கடை அனுப்பிய பெட்டி மூலை நசுங்கி வந்தது வேறு எரிச்சல், டிஸ்க்குகளுக்கு ஒன்றும் ஆகவில்லை.

வாங்கினால் யோரோனாவை முதலில் போடுங்கள், தனியாக, விளக்கை அணைத்துவிட்டு. உருவேத்தா எடுத்த, மூளை உறிஞ்சும் பூதத்தின் படத்தை நண்பர்கள் கூடும் நாளுக்கு வைத்துக்கொள்ளலாம்.