ராம்நாடு வண்டிக்காரத் தெரு பக்கத்து பிரஸ்: பிளஸ் டூ இயர்புக்ல போட்டோவுக்குக் கீழ வர்ற அந்த ஒரு வரிக்காகவே போகலாம்

பிளஸ் டூ பசங்களுக்கு இயர்புக் அடிக்க இடம் தேடுறவங்களுக்காக எழுதுறேன். ராமநாதபுரம் வண்டிக்காரத் தெரு பக்கம் மாடியில இருக்க சின்ன பிரஸ், கீழ ஜெராக்ஸ் கடை, போர்டு கூட பெருசா இருக்காது. என் தம்பி படிக்கிறது தங்கச்சிமடம் பக்கம், அவன் செட்டோட புக்க இங்கதான் குடுத்தோம். புக் நல்லா வந்துருக்கு. ஆனா அதவிட முக்கியம், ஒவ்வொரு பிள்ளை போட்டோவுக்கும் கீழ வர்ற வரி இருக்குல்ல, அதுக்கு இவங்க காட்டுன அக்கறைய நான் வேற எந்த பிரஸ்லயும் பாத்ததில்ல.

இந்தப் பழக்கம் அமெரிக்காவுல ஹைஸ்கூல் கடைசி வருஷப் பசங்களோடது, சீனியர் கோட் (quote)னு சொல்வாங்க, இன்ஸ்டா வழியா நம்ம பிள்ளைங்ககிட்டயும் வந்துருச்சு. எங்க காலத்துல ஸ்லாம் புக்தான், அது ஒருத்தர் கையில மட்டும் இருக்கும். இது செட்டுல இருக்க எல்லார் வீட்டுலயும் இருக்கப் போகுது, நாளைக்கு துபாய்ல இருந்து லீவுல வர்றவன் பீரோவத் தொறந்து எடுத்துப் பாக்குறப்ப அவன் மூஞ்சிக்குக் கீழ அவனுக்கு ஒட்டாத ஏதோ ஒரு கூகுள் வரி இருந்தா மனசு எப்படி இருக்கும் சொல்லுங்க.

பசங்க எழுதிக் குடுத்த வரி லிஸ்ட்ட வாங்கி அப்படியே டைப் பண்ணிருவாங்கன்னு நெனச்சுத்தான் போனோம். டிசைன் பண்றவர் கீழக்கரைக்காரர், கடையில எல்லாரும் காக்கான்னு (அவங்க பக்கம் அண்ணன்னு அர்த்தம்) கூப்பிடுறாங்க, நாங்களும் அப்படியே கூப்பிட்டோம். அவர் முதல்ல இருந்து கடைசி வரைக்கும் படிச்சாரு, பேனாவால சுழிச்சுக்கிட்டே வந்தாரு. பாதிக்கு மேல கலாம் ஐயா பேரு. இருக்கத்தானே செய்யும், 1931ல ராமேஸ்வரத்துல பொறந்து இதே ராமநாதபுரம் ஸ்வார்ட்ஸ் ஸ்கூல்ல படிச்சவரு, ராமேஸ்வரத்துல இருந்து வர்ற பிள்ளைங்க தினமும் பேக்கரும்பு நினைவிடத்தத் தாண்டித்தான் ஸ்கூலுக்கே வருதுங்க. ஆனா காக்கா கேட்டாரு, "தங்கச்சி, இத அவரு எங்க சொன்னாரு? அக்னிச் சிறகுகள்ல இருக்கா, ஏதாச்சும் பேச்சுல இருக்கா, காட்டுங்க அப்படியே போடுறேன். வாட்ஸப்ல வந்ததுன்னா வேணாம். அவரு ஊர்லயே அவரு சொல்லாதத அவரு பேர்ல நாம அடிக்கக் கூடாது."

எனக்கு அந்த நிமிஷமே இந்த இடத்தப் பிடிச்சுப் போச்சு. காசு குடுத்தா எதையும் அடிச்சுக் குடுக்குறவங்கதான் நிறைய, சொல்லாத ஒருத்தர் வாயில வார்த்தைய வைக்கிறது தப்புன்னு நெனைக்கிறவங்க கம்மி. பசங்க முதல்ல முகத்தத் தூக்கி வச்சுக்கிட்டாங்க, அப்புறம் லைப்ரரியில இருந்து புக்க எடுத்து நெசமாவே உக்காந்து படிச்சாங்க. சில பேருக்கு அதுலயே கிடைச்சுது, மத்தவங்க வேற தேடுனாங்க.

குறள் கேட்ட பிள்ளைங்களுக்கு நம்பரோட போட்டுக் குடுத்தாரு. இன்னொன்னு, குறளுக்கு ஏழு சீர், மேல நாலு கீழ மூணு, பத்தி அகலம் பத்தலன்னு நிறைய இடத்துல மூணு வரியா ஒடிச்சு விட்டுருவாங்க, படிக்கவே நொண்டும். இவரு எழுத்தச் சின்னதாக்கி போட்டோவக் கொஞ்சம் தள்ளி வச்சாவது "வெள்ளத் தனைய மலர்நீட்டம் மாந்தர்தம்" ஒரு வரி, "உள்ளத் தனையது உயர்வு" ஒரு வரின்னு சரியா நிறுத்திருக்காரு. 595வது குறள். தண்ணி எவ்வளவு ஏறுதோ தாமரைத் தண்டும் அவ்வளவு ஏறும்னு சொல்றது, கண்மாய் பாத்து வளந்த பிள்ளைக்கு விளக்கமே வேணாம்.

நாலஞ்சு பேரு "யாதும் ஊரே யாவரும் கேளிர்" எழுதிக் குடுத்துருந்தாங்க. புறநானூறு 192, கணியன் பூங்குன்றனார். அந்தப் பாட்டோட மத்த வரியெல்லாம் படிச்சீங்களான்னு கேட்டு முழுப் பாட்டையும் பிரிண்ட் எடுத்துக் கையில குடுத்தாரு. அதுல ஆத்து வெள்ளம் போற வழியில போற புணை, அதாவது தெப்பம், மாதிரிதான் உயிரும்னு ஒரு இடம் வரும், "நீர்வழிப் படூஉம் புணைபோல்"னு. பாம்பன்ல அப்பா படகு வச்சிருக்க பையன் ஒருத்தன் அதப் பிடிச்சுக்கிட்டான். கிளாஸ்ல அதிகம் பேசாத ஒரு பொண்ணு கடைசி வரிகள எடுத்துச்சு, பெரியவங்களப் பாத்து வியக்கவும் மாட்டோம், சின்னவங்கள இகழ்றது அதவிடவும் மாட்டோம்னு வரும்ல, அது. ஒரே பாட்டு, ஆளுக்கொரு வரி, ஒவ்வொண்ணும் அந்தந்தப் பிள்ளைக்கே எழுதுன மாதிரி இருந்துச்சு.

காக்கா சொன்ன ஒரு சோதனை இருக்கு, எந்த ஸ்கூலும் செஞ்சு பாக்கலாம். பேர மறைச்சுட்டு வரிய மட்டும் செட்டுக்கு நடுவுல சத்தமா படிங்க, இது யாருன்னு நாலு பேராவது சொல்லணும். சொல்ல முடியலன்னா அந்த வரி இன்னும் அந்தப் பிள்ளையோடது ஆகல.

என்னை ரொம்பத் தொட்டது வேற ஒரு பிள்ளை. அம்மா கடல் பாசி எடுக்கப் போறவங்க, எழுதப் படிக்கத் தெரியாது. விடியக்காலம் கிளம்புறப்ப தினமும் மகள்கிட்ட சொல்றது, "பாடத்த முடிச்சு வையி, வந்து கேப்பேன்." அதப் போடலாமா, பெரிய ஆளு யாரும் சொல்லலியேன்னு தயங்கித் தயங்கி கேட்டுச்சு. காக்கா வேற எதுவும் கேக்கல, அந்த வரியப் போட்டு கீழ அம்மா பேர போட்டாரு, மத்த பக்கத்துல கணியனுக்கு எந்த எழுத்தோ அதே எழுத்து, அதே சைஸ். புக் கைக்கு வந்ததும் நான் முதல்ல தொறந்தது அந்தப் பக்கத்ததான்.

அச்சு பத்தி. தமிழ் உடையாம வந்துருக்கு. வேற ஒரு இடத்துல, பேர் வேணாம், தெரிஞ்ச பிள்ளைங்க செட்டு புக்குல கொம்பும் காலும் பிரிஞ்சு தனித்தனியா நின்னுச்சு, நாம வாட்ஸப்ல அனுப்புறது யூனிகோட், அவங்க பழைய சாஃப்ட்வேர்ல பழைய ஃபான்ட்ட வச்சு ஓட்டுனா அப்படித்தான் ஆகும். சென்டர் பின் வேணாம்னு இவரே சொன்னாரு, நம்ம உப்புக் காத்துக்கு பின் துருப்பிடிச்சு நடுப்பக்கத்துல கறை ஏறிரும், அதனால நூல் தையல். காப்பி கம்மின்னா டிஜிட்டல்தான் கட்டும், ஆஃப்செட்டுக்கு பிளேட் செலவே தனியா வரும். எங்களுக்கு 60 காப்பி, 40 பக்கம், காப்பிக்கு 260 ரூபா ஆச்சு.

குறைன்னா ரெண்டு. குரூப் போட்டோ இருட்டடிச்சுருக்கு, போன்ல பாத்தப்ப பளிச்சுன்னு இருந்துச்சு, அதனால பேப்பர்ல ஒரு ப்ரூஃப் கேட்டு வாங்கிப் பாத்துட்டு ஓகே சொல்லுங்க. ரெண்டாவது, அவசரத்துக்கு ஆகாது. ஒவ்வொரு வரியையும் பாத்துப் பாத்து பண்றதால இழுக்கும், நடுவுல கல்யாணப் பத்திரிகை சீசன் வந்துட்டா இன்னும் இழுக்கும். பிப்ரவரில பிராக்டிகல், மார்ச்ல பப்ளிக், அதுக்குள்ள கைக்கு வரணும்னா பொங்கல் முடிஞ்ச கையோட குடுத்துருங்க. லிஸ்ட் குடுக்குறப்ப ஒவ்வொரு வரிக்கும் பக்கத்துல எந்த புக், எந்தப் பாட்டு, இல்ல வீட்டுல யாரு சொன்னதுன்னு எழுதியே குடுத்துட்டா ஒரு நடை மிச்சம்.