ஆயிரம் ரூபாய் ரன்னிங் ஷூ: நெல்லைக் கடைகளில் வரும் சரக்கு எப்படி?

பாளையங்கோட்டை, வண்ணார்பேட்டை, ஜங்ஷன், டவுன் ரத வீதி என்று எந்தப் பக்கம் போனாலும் 900 முதல் 1,500 ரூபாய்க்குள் ரன்னிங் ஷூ கிடைக்கிறது. காவலர் தேர்வுக்கு ஓடிப் பழகும் பிள்ளைகள், காலை நடைக்காரர்கள், கல்லூரி மாணவர்கள் எல்லோரும் சுற்றிச் சுற்றி இந்த விலைக்குத்தான் வருகிறார்கள். சரக்கைப் பகுதி பகுதியாகப் பிரித்துப் பார்த்தால் நிலவரம் இப்படி இருக்கிறது. மேல்துணி கொடுத்த காசுக்கு மேலேயே தேறும். உள்ளே போடும் இன்சோல் மோசம். சோல் ஃபோம் நடைக்கும் 1,500 மீட்டர் ஓட்டப் பழக்கத்துக்கும் தாங்கும், தினமும் பத்துக் கிலோமீட்டர் ஓடுகிறவருக்குத் தாங்காது. பெரிய குறை, சோலை மேல்பகுதியோடு பிடித்து வைக்கும் ஒட்டு. ஒரே பெயர், ஒரே மாடல், ஒரே விலை. ஆனால் ஒரு பெட்டியில் இருப்பது ஒரு வருஷம் உழைக்கிறது, பக்கத்துப் பெட்டியில் இருப்பது இரண்டே மாதத்தில் வாய் பிளக்கிறது.

காரணம் சரக்கு வரும் வழியில் இருக்கிறது. இந்த விலை ஷூக்களில் பெரும்பகுதி ஹரியானாவின் பகதூர்கர், டெல்லியின் சுற்றுப்புறம், ஆக்ரா பக்கமிருந்து வருகிறது. அங்கே ஒரே கூரையின் கீழ் முழு ஷூவும் செய்யும் ஆலைகள் உண்டு. அதைவிட, சோல் ஓரிடத்தில், மேல்பகுதி தைப்பது இன்னோரிடத்தில், ஒட்டிப் பெட்டியில் போடுவது மூன்றாவது இடத்தில் என்று பிரிந்து நடக்கும் வேலை அதிகம். அதனால்தான் ஒரே சோல் அச்சு நாலைந்து பெயர்களில் கடைக்கு வருகிறது. அடுத்த ஆர்டரை ஐந்து ரூபாய் குறைவாகக் கேட்கும் வேறொரு யூனிட்டுக்குக் கொடுத்தால் பெட்டியில் இருக்கும் பெயர் மாறாது, பசை மாறிவிடும். ஆகவே இந்த விலையில் பெயருக்குப் பெரிய மதிப்பில்லை. கையில் இருக்கும் ஜோடி எந்த லாட்டில், அதாவது ஒரே தடவையில் செய்த எந்தத் தொகுதியில் வந்தது என்பதற்குத்தான் மதிப்பு.

பெரிய பிராண்டுகளுக்கு வேலை செய்யும் ஆலைகளில் இந்த ஏற்ற இறக்கத்தைக் கட்டிப்போட முறை வைத்திருக்கிறார்கள். செய்யாறு சிப்காட்டில் நைக்கிக்கு ஷூ செய்யும் தைவான் நிறுவனத்தின் ஆலை நம் மாநிலத்திலேயே இருக்கிறது. அந்த வகை ஆலைகளில் ஒட்டிய ஜோடிகளில் சிலவற்றை எடுத்து இயந்திரத்தில் பிய்த்துப் பார்ப்பது அன்றாட வேலை. ஒரு மில்லிமீட்டர் அகலத்துக்கு 3 முதல் 4 நியூட்டன் விசையாவது தாங்க வேண்டும் என்பது தொழிலில் பொதுவான எதிர்பார்ப்பு. சரக்கு வெளியேறும் முன் மாதிரிச் சோதனையும் உண்டு. 3,000 ஜோடி கொண்ட லாட் என்றால், வழக்கமான அட்டவணைப்படி 125 ஜோடியை எடுப்பார்கள். ஏ.க்யூ.எல்., அதாவது ஏற்கத்தக்க குறை அளவு, 2.5 என்று பேசியிருந்தால், பெரிய குறை 7 ஜோடி வரை இருந்தால் லாட் போகும், 8 ஆனால் முழு லாட்டும் திரும்பும். சின்ன யூனிட்டில் நடப்பது வேறு. வழிந்த பசையைத் துடைக்கும் ஆள்தான் அங்கே சோதனையாளரும். பளபளப்பைப் பார்ப்பார், பிய்த்துப் பார்க்க மாட்டார்.

ஒட்டு ஏன் இவ்வளவு தகராறு செய்கிறது என்பதைப் புரிந்துகொண்டால், கடையில் எதைப் பார்ப்பது என்று தெரிந்துவிடும். முதலில் மேல்பகுதியை லாஸ்ட் என்னும் கால் வடிவக் கட்டையில் ஏற்றி, சோல் உட்காரும் எல்லையை வரைவார்கள். அந்தக் கோட்டுக்குக் கீழே இருக்கும் செயற்கைத் தோலின் வழவழப்பைச் சுரண்டி எடுக்க வேண்டும். சோல் பக்கம், அச்சிலிருந்து வரும் இ.வி.ஏ. என்னும் இலேசான பிளாஸ்டிக் ஃபோமின் மேல் அச்சில் ஒட்டாமலிருக்கத் தெளித்த எண்ணெய்ப் படலம் இருக்கும். அதைக் கழுவி, பசை பிடிக்க உதவும் பிரைமர் தடவி, புற ஊதா விளக்கின் அடியில் அனுப்ப வேண்டும். ரப்பராக இருந்தால் உரசிவிட்டுக் குளோரின் கலந்த பிரைமர். அதன்பிறகுதான் பாலியூரித்தேன் பசை. அதில் பசையை இறுக்கும் ஹார்டனர் 3 முதல் 5 சதவீதம் கலந்து, சில மணி நேரத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். காய்ந்த பசையை 55 முதல் 65 டிகிரி சூட்டில் இளக்கி, ஆறும் முன் சோலைப் பொருத்தி, பத்துப் பதினைந்து விநாடி பிரஸ்ஸில் அமுக்கி, குளிரூட்டும் பெட்டி வழியே விட்டபிறகே லாஸ்டை உருவ வேண்டும்.

இதில் எந்தப் படியைத் தாண்டினாலும் புது ஷூவில் தெரியாது. ஹார்டனரை மிச்சம்பிடித்த ஜோடியும் கடையில் இறுக்கமாகவே இருக்கும். ஆனால் ஹார்டனர் இல்லாத பசை 55, 60 டிகிரியில் மறுபடி இளகிவிடும். சித்திரை வெயிலில் பூட்டி நிறுத்திய காரின் டிக்கியிலும், மொட்டை மாடித் தகரத்தின் மேலும் அந்தச் சூடு தாராளமாக வரும். குளிர்ப் பிரதேசத்தில் மூன்று வருஷம் பிழைத்திருக்கக்கூடிய ஒட்டு நம்மூரில் மூன்று மாதத்தில் விடுவதற்கு இது முக்கியக் காரணம்.

பிரிந்துபோன ஷூவைப் பார்த்தே எந்த வேலை விட்டுப்போனது என்று சொல்லிவிடலாம். பசை முழுக்க மேல்பகுதியோடு போய், சோல் பக்கம் சுத்தமாக இருந்தால் கழுவலும் பிரைமரும் நடக்கவில்லை. பசை இரண்டு பக்கமும் நூல் நூலாகப் பிரிந்து பிசுபிசுத்தால் ஹார்டனர் இல்லை. பசை அப்படியே இருந்து ஃபோமே பிய்ந்து வந்திருந்தால் ஒட்டு நன்றாகவே இருந்திருக்கிறது, ஃபோமில்தான் பலமில்லை. கடைக்காரரிடம் திருப்பிக் கொடுக்கும்போது இதைக் காட்டிப் பேசினால் பேச்சு சீக்கிரம் முடியும்.

வாங்கும்போது செய்ய வேண்டியது இது. முன்பாதத்தின் அகலமான இடத்தில், அதாவது விரல்கள் மடங்கும் இடத்தில் பிடித்து, பத்துத் தடவை நன்றாக வளைக்க வேண்டும். நடுவில் வளைந்தால் அந்த ஷூ ஓட்டத்துக்கு ஆகாது. வளைத்த நிலையிலேயே இரண்டு பக்க ஓரத்தையும் பாருங்கள். மயிரிழை வாய் திறந்தாலும் வேண்டாம். பிறகு விசிட்டிங் கார்டின் விளிம்பை சோலுக்கும் மேல்பகுதிக்கும் நடுவே சுற்றிலும் ஓட்டிப் பாருங்கள், கார்டு எங்கேயும் நுழையக் கூடாது. பாதத்தின் உட்பக்க வளைவும் குதிகால் ஓரமும் பிரஸ் சரியாக அமுங்காத இடங்கள், அங்கே கூடுதலாக ஒரு தடவை. சோலுக்கு மேலே பசை வழிந்து மஞ்சள் கோடு தெரிந்தால் அது அழகுக் குறை மட்டுமில்லை, எல்லைக் கோட்டை மதிக்காத கை என்று அர்த்தம். "அண்ணாச்சி, வளைச்சுப் பாத்துக்கிடட்டுமா?" என்று கேட்டால் நெல்லையில் பெரும்பாலான கடைகளில் மறுக்க மாட்டார்கள். மறுக்கிற கடையில் வாங்காதீர்கள்.

அடுத்தது ஃபோம். 500, 700 ரூபாய்க்கு வருவதில் பெரும்பாலும் பி.வி.சி. என்னும் கனமான பிளாஸ்டிக் சோல்தான். கையில் எடுத்தாலே கனம் காட்டிக்கொடுத்துவிடும். 8-ஆம் சைஸில் ஒற்றை ஷூ 220 முதல் 280 கிராம் என்றால் இ.வி.ஏ., 350-ஐத் தாண்டினால் சந்தேகப்படலாம். ஆயிரம் ரூபாய் வரிசையில் இருப்பது உருக்கி ஊசிபோல அச்சுக்குள் செலுத்தி வார்த்த இ.வி.ஏ. இது அச்சைத் திறந்ததும் பொங்கி ஒன்றரை மடங்கு நீளத்துக்குப் போகும். பிறகு சூட்டுக் குகையில் விட்டுப் படிப்படியாக ஆறவைக்க வேண்டும். அவசரப்பட்டு ஆறவைத்த சோல் பெட்டிக்குள் போன பிறகும் சுருங்கிக்கொண்டிருக்கும். இடதும் வலதும் நீளம் மாறுவது இதனால்தான். இரண்டு ஷூவின் அடியையும் ஒன்றோடொன்று சேர்த்து வைத்து, குதிகாலை ஒட்டினாற்போல் நிறுத்தி, முனையைப் பாருங்கள். 2 மில்லிமீட்டருக்கு மேல் வித்தியாசம் இருந்தால் அடுத்த பெட்டியைக் கேளுங்கள். குதிகாலின் பின்னால் இருக்கும் தையலின் உயரத்துக்கும் இதே அளவுதான் கணக்கு.

விலையைக் குறைக்கக் கழிவு ஃபோம் தூளும் சுண்ணாம்புத் தூளும் கலப்பார்கள். கொஞ்சம் கலந்தால் ஒன்றும் ஆகாது. அதிகமானால் கனம் கூடி, மடங்கும் இடத்தில் வெடிப்பு வரும். கட்டைவிரல் நகத்தால் சோல் பக்கவாட்டில் அழுத்தி எடுங்கள். பள்ளம் உடனே மேலே வந்தால் நல்லது. கோடு அப்படியே நின்றால் குதிகால் சீக்கிரம் அமுங்கிப்போகும். ஆலையில் இதையே 50 டிகிரியில், பாதித் தடிமனுக்கு அமுக்கி, 6 மணி நேரம் வைத்து, எவ்வளவு மீள்கிறது என்று அளப்பார்கள். வெயிலில் கிடக்கும் ஷூவின் மேல் பையைத் தூக்கி வைப்பதும் ஏறக்குறைய இதே சோதனைதான்.

அடிப்பாகத்தில் ஏமாற்று கொஞ்சம் உண்டு. ஃபோமின் மேல் கறுப்பு ரப்பர் வில்லைகள் ஒட்டியிருப்பதுபோலத் தெரியும், சில ஜோடிகளில் அது வெறும் பெயிண்ட். வில்லையின் ஓரத்தில் நகம் மாட்ட வேண்டும், தொட்டால் ஃபோமை விட இழுவையாக இருக்க வேண்டும். இது நம் பகுதிக்கு மற்ற ஊர்களைவிட முக்கியம். நாங்குநேரி, ராதாபுரம், மூலைக்கரைப்பட்டிப் பக்கம் காட்டு ஓரத்தில் ஓடுகிறவர்களுக்கு உடைமுள்ளும் கருவேல முள்ளும் எதிரி. வெறும் ஃபோமில் முள் நேராக உள்ளே வரும். இரண்டு மூன்று மில்லிமீட்டர் ரப்பர் இருந்தால் எல்லா முள்ளையும் தடுக்காது, நுனி உடைந்து வெளியிலேயே நிற்க வாய்ப்பு கூடும். சரளை மண்ணில் தேய்மானமும் அப்படியே, ஃபோம் முதலில் குதிகாலின் வெளியோரத்தில் கரையும்.

மேல்பகுதியில் குறை சொல்ல அதிகமில்லை. வலைத்துணி நன்றாகவே வருகிறது, காற்றும் போகிறது. தையல் சென்டிமீட்டருக்கு 3 அல்லது 4 இருந்தால் போதும். குதிகால் கப்பை மட்டும் இரண்டு விரலால் அழுத்திப் பாருங்கள். மடங்கி நெளிந்தால் உள்ளே அட்டை, ஒரு மழைக்கு ஊறிவிடும்.

சைஸ் நம்பக்கூடியதாக இல்லை. நம்மூர்க் கடைகளில் ஓடுவது இங்கிலாந்து அளவு, ஒரு எண்ணுக்கும் அடுத்ததற்கும் வித்தியாசம் சுமார் 8.5 மில்லிமீட்டர். ஆனால் வேறு வேறு யூனிட்டின் லாஸ்ட் வேறு வேறு அகலம். செருப்பிலும் வெறுங்காலிலும் வளர்ந்த பாதம் முன்னால் விரிந்திருக்கும், பல ஜோடிகள் சுண்டுவிரல் பக்கம் பிடிக்கின்றன. சாயந்தரம், காலுறையோடு போட்டு, நின்று பாருங்கள். முனையில் ஒரு கட்டைவிரல் அகலம் இடம் வேண்டும்.

இன்சோலைக் கையால் வெளியே எடுக்க முடிந்தால் எடுத்துவிட்டு உள்ளே பாருங்கள். சுற்றிலும் தைத்த துணி தெரிந்தால் நல்லது, மடங்கும், ஈரத்தைத் தாங்கும். பழுப்பு அட்டை தெரிந்தால் ஐப்பசி மழைக்கு உப்பிப் பிரியும். மேலே கிடக்கும் 3 மில்லிமீட்டர் ஃபோம் தாளைத் தூக்கிப் போட்டுவிட்டு வேறு வாங்கிப் போடுவது எப்படியும் செய்ய வேண்டிய செலவு.

பெட்டியைத் தூக்கி எறியும் முன் படித்துவிடுங்கள். ஸ்போர்ட்ஸ் ஷூவுக்கான இந்தியத் தரம் ஐ.எஸ். 15844. 2024 ஆகஸ்ட் 1 முதல் காலணிகளுக்குத் தரக் கட்டுப்பாட்டு ஆணை, அதாவது தர முத்திரையைக் கட்டாயமாக்கும் ஆணை, நடைமுறையில் இருக்கிறது. சிறு உற்பத்தியாளருக்குத் தளர்வு உண்டு, பழைய இருப்பை விற்கவும் அவகாசம் கொடுத்திருந்தார்கள் என்பதால், ஐ.எஸ்.ஐ. முத்திரை இல்லாத பெட்டி எல்லாமே தப்பான சரக்கு என்று சொல்ல முடியாது. முத்திரை இருந்தால் அதன் கீழே சி.எம்./எல். என்று தொடங்கும் உரிம எண் இருக்கும். இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் பி.ஐ.எஸ். கேர் செயலியில் அந்த எண்ணைப் போட்டால் உரிமம் யார் பெயரில், எந்த ஊரில், இன்னும் செல்லுபடியாகிறதா என்று வரும். செயலியில் ஒரு பெயரும் பெட்டியில் வேறு பெயரும் இருந்தால் அந்த முத்திரைக்கு மரியாதை இல்லை. தயாரித்த மாதத்தையும் பாருங்கள். பாலியூரித்தேன் சோல் வைத்த ஷூ, போடாமல் பெட்டியிலேயே கிடந்தாலும் காற்றின் ஈரத்தில் சில வருஷங்களில் உதிர்ந்துவிடும். தள்ளுபடியில் குவித்து வைக்கும் பழைய சரக்கில் இந்த ஆபத்து அதிகம், கடலோர ஊர்களில் இன்னும் அதிகம். "எக்ஸ்போர்ட் ரிஜெக்ட்" என்று சொல்லி விற்பதையும் அப்படியே நம்ப வேண்டாம். பெரிய பிராண்டுகள் தேறாத ஜோடிகளைப் பெரும்பாலும் வெளியே விடுவதில்லை.

பில் கேளுங்கள். 2025 செப்டம்பர் 22 முதல் 2,500 ரூபாய் வரையுள்ள காலணிக்கு ஜி.எஸ்.டி. 5 சதவீதம்தான். பில் போட்டால் விலை ரொம்ப ஏறும் என்ற பேச்சு எடுபடாது. ஒட்டு விட்டால் எத்தனை நாளுக்குள் மாற்றித் தருவார்கள் என்பதை அந்தப் பில்லிலேயே எழுதி வாங்கிவிடுவது நல்லது, வாய்ப்பேச்சுக்கு அடுத்த வாரம் வேறு பையன் கல்லாவில் இருப்பான்.

நாள் கடந்த பிறகு பிரிந்தால், சுற்றித் தையல் போட்டுத் தரச் சொல்லிச் செருப்புத் தைப்பவரிடம் உடனே ஓடாதீர்கள். ரப்பர் சுவர் உள்ள சோலுக்குத் தையல் பலம். வெறும் ஃபோமில் ஊசி இறங்கினால் தபால்தலை ஓரம்போல வரிசையாக ஓட்டை விழுந்து, அந்தக் கோட்டிலேயே கிழியும். உடனே ஒட்டும் சொட்டுப் பசை காய்ந்து விறைத்து, மடங்கும் இடத்தில் உடையும். பழைய பசையைச் சுரண்டி, இரண்டு பக்கமும் உப்புத்தாளால் தேய்த்து, பாலியூரித்தேன் பசையை இரண்டு தரம் தடவிக் காயவைத்து, முடி உலர்த்தும் இயந்திரத்தால் சூடாக்கி அமுக்கிக் கட்டி, ஒரு நாள் முழுக்கத் தொடாமல் வைக்கச் சொல்லுங்கள். அவரிடம் வழக்கமான மஞ்சள் பசைதான் இருக்கிறது என்றால் ரப்பருக்குப் பரவாயில்லை, பி.வி.சி. சோலுக்கு அது நிற்காது.